மகள் நியூஜெர்சி, மகன் கலிபோர்னியா: நடுவில் ஒரு விமானம்

சென்னையில் அம்மா அப்பாவை ஏற்றிவிடும்வரை குடும்பமே கூடி வேலை பார்க்கிறது. விசா, பெட்டி, சக்கர நாற்காலி, மாத்திரை என்று எதுவும் விட்டுப்போவதில்லை. ஆனால் மகள் நியூஜெர்சியில், மகன் கலிபோர்னியாவில் என்றால் இன்னொரு பயணமும் இருக்கிறது. நியூஜெர்சியின் நெவார்க்கிலிருந்து கலிபோர்னியாவின் சான்பிரான்சிஸ்கோ சுமார் 4,100 கிலோமீட்டர். சென்னையிலிருந்து டெல்லி போய்த் திரும்புவதைவிட அதிகம். அந்தப் பயணத்தைப் பற்றி யாரும் பேசுவதில்லை. ‘அங்க போனப்புறம் பாத்துக்கலாம்’ என்று விட்டுவிடுகிறார்கள்.

சிக்கல் பெரும்பாலும் அங்கேதான் கிளம்புகிறது. எதிர்பாராத பெட்டிக் கட்டணம், பாதியில் தீர்ந்துபோகும் மாத்திரை, இரண்டாவது வீட்டில் கைகொடுக்காத காப்பீடு, டிக்கெட்டில் ஒன்றும் பாஸ்போர்ட்டில் ஒன்றுமாக இருக்கும் பெயர் எல்லாவற்றுக்கும் காரணம் ஒன்றுதான். மகள் தன் வீட்டு மூன்று மாதத்துக்குத் திட்டம் போடுகிறாள், மகன் தன் மூன்று மாதத்துக்குப் போடுகிறான். பெற்றோருக்கு அது ஒரே ஆறு மாதம். புறப்படுவதற்கு முன்பே இரண்டு பிள்ளைகளும் ஒன்றாக உட்கார்ந்து முழுப் பயணத்தையும் ஒரே தாளில் எழுதிவிட்டால் பாதிச் சங்கடம் இல்லை.

முதலில் வரிசை. வேறு அவசரம் இல்லாவிட்டால் கிழக்குக் கரைக்கு முதலில் போய், பிறகு மேற்குக்கு நகர்ந்து, மேற்கிலிருந்தே ஊர் திரும்புவது நல்லது. கோடையில் நியூஜெர்சி நமக்கு ஒன்பதரை மணி நேரம் பின்னால், கலிபோர்னியா பன்னிரண்டரை மணி நேரம் பின்னால். மேற்கே போகும்போது பகல் நீள்கிறது. உடம்பு அதைச் சீக்கிரம் ஏற்றுக்கொள்ளும். கலிபோர்னியாவிலிருந்து நியூஜெர்சிக்கு வந்தால் மூன்று மணி நேரம் முன்னால் தள்ளப்படும். அறுபத்தைந்து வயதுக்கு மேல் அந்த மூன்று மணி நேரம் இரண்டு மூன்று நாள் தூக்கத்தைக் கெடுத்துவிடும். டிசம்பர் முதல் பிப்ரவரி வரை என்றால் கணக்கு வேறு. பனிக்காலத்தில் நியூஜெர்சியில் வயதானவர்கள் வீட்டுக்குள்ளேயே அடைபட வேண்டியிருக்கும், வாசலில் உறைந்த பனியில் வழுக்கி விழும் ஆபத்தும் உண்டு. அந்த மாதங்களைக் கலிபோர்னியாவில் கழிப்பதுதான் சரி.

பிரசவம் என்றால் மேலே சொன்ன எதுவும் பொருந்தாது. குறித்த தேதிக்கு இரண்டு மூன்று வாரம் முன்பாக அங்கே இருக்க வேண்டும். குழந்தையைத் தூக்கப்போகிற தாத்தா பாட்டிக்கு டிடாப் தடுப்பூசி போடச் சொல்லி அங்குள்ள குழந்தை மருத்துவர்கள் கேட்பார்கள். கக்குவான் இருமலுக்கு எதிரான ஊசி அது. குழந்தையைத் தொடுவதற்கு இரண்டு வாரம் முன்பாவது போட்டிருக்க வேண்டும். சென்னையில், மதுரையில் எல்லாம் கிடைக்கிறது. இங்கேயே போட்டு, ஊசியின் பெயரும் தேதியும் எழுதிய சீட்டை வாங்கிக்கொள்ளுங்கள்.

நாள் பங்கீட்டில் சரிபாதி வேண்டும் என்று பிடிவாதம் பிடிக்க வேண்டாம். கைக்குழந்தை உள்ள வீட்டுக்குக் கூடுதல் வாரங்கள் போகட்டும். ஆனால் யார் வீட்டில் எத்தனை வாரம் என்பதை டிக்கெட் எடுக்கும் முன்பே இரண்டு பிள்ளைகளிடமும், மருமகள் மருமகனிடமும் வெளிப்படையாகப் பேசிவிட வேண்டும். சம்பந்தி வீட்டாரின் பயணத் தேதியும் அந்தப் பேச்சில் வர வேண்டும். இருவரும் ஒரே நேரத்தில் ஒரே வீட்டில் வந்து நின்றால் படுக்கைக்கு இடமில்லாமல் போகும், அவர்கள் போனபிறகு குழந்தையைப் பார்த்துக்கொள்ள ஆளும் இல்லாமல் போகும். மகள் வீட்டில் நீண்ட நாள் இருப்பதற்கு இன்றும் பல அப்பாக்களுக்கு ஒரு தயக்கம் இருக்கிறது. அதை வெளியே சொல்லாமல் ‘மகன்கிட்ட சீக்கிரம் போகணும்’ என்று தேதியை மாற்றிக்கொண்டே இருப்பார்கள். அது தெரிந்தே நாட்களைப் போடுவது நல்லது.

விசா படிவத்தில் இரண்டு பிள்ளைகள் என்பது எங்கே வருகிறது என்று பாருங்கள். டிஎஸ்-160 படிவத்தில் அமெரிக்காவில் நெருங்கிய உறவினர் இருக்கிறார்களா என்று ஒரு கேள்வி உண்டு. மகன், மகள், உடன்பிறந்தோர் எல்லாரும் அதில் அடக்கம். தங்கும் முகவரியாக ஒரு வீட்டைக் கொடுத்தால் போதும், ஆனால் உறவினர் பகுதியில் இருவர் பெயரும் இருக்க வேண்டும். படிவத்தை மகள் நிரப்பித் தன் பெயரை மட்டும் போட்டுவிட்டு, நேர்காணலில் அம்மா ‘பையனும் அங்கதான் இருக்கான்’ என்று சொன்னால் வீண் சந்தேகம் எழும். சென்னை அமெரிக்கத் துணைத் தூதரகத்தில் நேர்காணலைத் தமிழிலேயே கேட்டுப் பெறலாம். இரண்டு பிள்ளைகளும் எந்த ஊரில், என்ன வேலையில் இருக்கிறார்கள் என்பதை அம்மாவும் அப்பாவும் ஒரே மாதிரி சொல்லத் தெரிந்திருந்தால் போதும்.

அடுத்து பெயர். நம்மவர்களுக்கே உரிய தலைவலி இது. பழைய பாஸ்போர்ட் பலவற்றில் குடும்பப்பெயர் இடம் காலியாக இருக்கும், கொடுக்கப்பட்ட பெயர் மட்டும் இருக்கும். பாஸ்போர்ட்டில் ‘முத்துலட்சுமி’ மட்டும் இருந்தால் அமெரிக்க விசாவில் முத்துலட்சுமி குடும்பப்பெயர் ஆகிவிடும், முதல் பெயர் இடத்தில் ‘எஃப்என்யூ’ (முதல் பெயர் தெரியவில்லை என்பதன் ஆங்கிலச் சுருக்கம்) என்று விழும். சென்னை டிக்கெட்டை விவரம் தெரிந்த ஏஜென்ட் சரியாகப் போட்டுவிடுவார். நடு விமான டிக்கெட்டை மகன் ராத்திரி பதினொரு மணிக்குத் தன் போனில் எடுக்கும்போதுதான் தவறு நடக்கிறது. முதல் பெயர், கடைசிப் பெயர் இரண்டையும் கட்டாயம் கேட்கும் அந்தப் பக்கத்தில் அப்பா பெயரையோ தன் குடும்பப்பெயரையோ போட்டுவிடுவார். அமெரிக்க உள்நாட்டு விமானத்துக்கும் பெயர், பிறந்த தேதி, பாலினம் மூன்றும் அடையாள அட்டையோடு பொருந்த வேண்டும். பெற்றோரிடம் இருக்கும் அடையாள அட்டை பாஸ்போர்ட் மட்டுமே. ஆகவே எல்லா டிக்கெட்டிலும் ஒரே மாதிரி, விசாவில் உள்ளபடியே பெயர் இருக்கட்டும். துபாயில் இறங்கி இரண்டு நாள் சுற்றிப் பார்க்கலாம் என்ற எண்ணம் இருந்தால் இன்னொன்று: ஒற்றைப் பெயர் மட்டும் உள்ள பாஸ்போர்ட்டுக்குச் சுற்றுலா விசா தருவதில் ஐக்கிய அரபு அமீரகம் 2022 நவம்பர் முதல் கட்டுப்பாடு வைத்திருக்கிறது.

விசா பத்து ஆண்டுக்கு இருந்தாலும், ஒவ்வொரு முறையும் எத்தனை நாள் தங்கலாம் என்பதை இறங்கும் இடத்தில் குடிவரவு அதிகாரிதான் முடிவு செய்கிறார். பொதுவாக ஆறு மாதம் கிடைக்கும். அந்தத் தேதி ஐ-94 என்ற வருகைப் பதிவில் இருக்கும். இறங்கிய மறுநாளே இணையத்தில் அதை எடுத்துப் பார்த்து, இருவருடைய தேதியையும் படமெடுத்து இரண்டு பிள்ளைகளுக்கும் அனுப்பிவிட வேண்டும். ஆறு மாதத்தையும் கடைசி நாள்வரை இழுத்துப் பிடித்துத் திட்டம் போடுவதுதான் பெரிய தவறு. முதல் வீட்டில் காய்ச்சல் வந்து பத்து நாள் தள்ளிப்போனால் அந்தப் பத்து நாளும் இரண்டாவது பிள்ளையின் கணக்கிலிருந்துதான் கழியும். கடைசி வாரத்தில் விமானம் ரத்தானால் சட்டச் சிக்கலே வந்துவிடும். ஐந்து மாதம், மிஞ்சினால் ஐந்தரை மாதத்தோடு நிறுத்திக்கொள்வது நல்லது. நயாகராவில் கனடா பக்கம் போய்வந்தால் ஆறு மாதம் புதிதாகத் தொடங்கும் என்று சிலர் நம்புகிறார்கள். அப்படிக் கணக்குப் போடவே கூடாது. அந்தப் பக்கம் போக இந்தியர்களுக்குத் தனியாகக் கனடா விசாவும் வேண்டும்.

டிக்கெட்டைப் பொறுத்தவரை சென்னை–நெவார்க், சான்பிரான்சிஸ்கோ–சென்னை என்று போகும் ஊர் ஒன்று, திரும்பும் ஊர் ஒன்றாக ஒரே டிக்கெட்டாக எடுப்பதுதான் சரி. நெவார்க்குக்கே போய்வரும் டிக்கெட் எடுத்தால் கலிபோர்னியாவிலிருந்து திரும்பவும் கிழக்கே பறந்து வந்து ஊர் கிளம்ப வேண்டும். விலையில் சிறிது மிச்சம் என்று எடுப்பவர்கள் உள்நாட்டு விமானக் கட்டணத்தையும் பெட்டிக் கட்டணத்தையும் சேர்த்துப் பார்ப்பதில்லை. வழியில் ஒரே இடத்தில் மாறி நேராக மகள் ஊரில் இறங்கும் விமானமாகப் பாருங்கள். அமெரிக்காவுக்குள் வேறு ஊரில் இறங்கி மாறும் விமானம் என்றால், முதலில் இறங்கும் ஊரிலேயே குடிவரவு முடித்து, பெட்டிகளை எடுத்து, சுங்கம் தாண்டி, மறுபடி பெட்டியைக் கொடுக்க வேண்டியிருக்கும். பதினான்கு மணி நேரம் உட்கார்ந்து வந்த காலோடு 23 கிலோ பெட்டி நாலை இழுப்பது வயதானவர்களுக்கு ஆகாத வேலை. அபுதாபி வழி போனால் அமெரிக்கக் குடிவரவுச் சோதனை அபுதாபியிலேயே முடிந்துவிடும், இறங்கியதும் உள்நாட்டுப் பயணி போல வெளியே வரலாம். அதற்கு அபுதாபியில் குறைந்தது மூன்று மணி நேரம் இடைவெளி இருக்கட்டும்.

நடு விமானத்தையும் அதே டிக்கெட்டில் சேர்க்கலாமா? பெட்டி அளவில் சில நேரம் லாபம் உண்டு. டிக்கெட்டில் ஒவ்வொரு கட்டத்துக்கும் எத்தனை பெட்டி என்று அச்சாகியிருக்கும், அதைப் பார்த்துக்கொள்ளலாம். ஆனால் ஒரு டிக்கெட்டில் நடுக் கட்டத்தில் ஏறாமல் விட்டால் அதற்குப் பிந்தைய கட்டங்கள், ஊர் திரும்பும் விமானம் உட்பட, ரத்தாகிவிடும். பேரன் பிறந்த வீட்டில் தேதி மாறாமல் இருப்பதே அபூர்வம். அதனால் தனி டிக்கெட் எடுங்கள் என்பதே என் பரிந்துரை. பெரிய அமெரிக்க விமான நிறுவனங்கள் சாதாரண வகுப்புக்குத் தேதி மாற்றக் கட்டணம் வாங்குவதில்லை, விலை வித்தியாசம் மட்டும்தான். மிக மலிவான ‘பேசிக் எகானமி’யைத் தொடவே வேண்டாம். அதில் கூடுதல் கட்டணம் இல்லாமல் இருக்கையைத் தேர்ந்தெடுக்க முடியாது. அம்மா 12ஆம் வரிசையில், அப்பா 31ஆம் வரிசையில் என்று பிரித்துப் போட்டுவிடும். தேதி மாற்றுவதும் கடினம்.

இனி பெட்டி. தம்பதிக்கு நான்கு பெட்டி, பெட்டிக்கு 23 கிலோ, ஆக 92 கிலோ என்பது பல நிறுவனங்களில் சென்னை–அமெரிக்கா அளவு. அமெரிக்க உள்நாட்டு விமானத்தில் முதல் பெட்டிக்கே 40 டாலர் வாக்கில் கேட்பார்கள், இரண்டாவதுக்கு அதைவிடக் கூட. 50 பவுண்டைத் தாண்டினால் கூடுதல் எடைக் கட்டணம், பல நிறுவனங்களில் நூறு டாலர் வாக்கில். 50 பவுண்டு என்பது 22.7 கிலோ. சென்னையில் 23 கிலோ என்று சரியாக நிறுத்திக் கட்டிய பெட்டி அங்கே எடை கூடுதல் ஆகிவிடக்கூடும்.

ஆகவே சென்னையில் கட்டும்போதே வீடு வாரியாகக் கட்டுங்கள். இரண்டு பெட்டி முழுக்க மகளுக்கு, ஒன்று மகனுக்கு, ஒன்று பெற்றோரின் துணிமணிக்கு. மகளுக்கான இரண்டு பெட்டிகளில் ஒன்று மற்றதைவிட ஒரு சுற்றுச் சிறியதாக இருக்கட்டும், மகனுடைய பெட்டியும் அப்படியே. மகள் வீட்டில் சாமான் இறங்கியதும் சிறியதைப் பெரியதற்குள் வைத்து, அதற்குள் அங்கே வாங்கிய சில துணிகளைத் திணித்தால் நாலு பெட்டி மூன்றாகும். மகனுக்கான சாமானில் கெட்டுப்போகாதவற்றைத் தபாலில் அனுப்பிவிட்டால் இரண்டாகவும் ஆகும். அமெரிக்கத் தபால் துறையின் ஒரே கட்டணப் பெட்டிகள் இதற்கென்றே செய்தது போல இருக்கும். பெரிய பெட்டியில் 70 பவுண்டு வரை எவ்வளவு வைத்தாலும் ஒரே கட்டணம். புளி, சாம்பார்ப்பொடி, பித்தளைக் குத்துவிளக்கு மாதிரி இடம் அடைக்காமல் கனக்கும் சாமானுக்கு அது மிகவும் லாபம். அப்பளத்தை அதில் வைக்க வேண்டாம், நொறுங்கிவிடும்.

எதை எந்த வீட்டுக்கு என்று பிரிப்பதிலும் ஒரு கணக்கு இருக்கிறது. இரண்டாவது வீட்டுச் சாமான் மூன்று மாதம் காத்திருக்கும். முறுக்கு, தட்டை, அதிரசம் எல்லாம் மூன்று மாதத்தில் சிக்கடித்துவிடும். அவை மகளுக்கு. வத்தல், வடகம், அப்பளம், புளி, மிளகாய்த்தூள், சீயக்காய் மகனுக்கு. மகனுக்கும் முறுக்கு வேண்டும் என்றால் மாவை வறுத்து அரைத்து எடுத்துப்போய் அங்கே சுட்டுக்கொடுப்பதே மேல். மாவுப் பொட்டலத்தில் என்ன மாவு, எந்தத் தேதியில் அரைத்தது என்று ஆங்கிலத்தில் எழுதி ஒட்டிவிடுங்கள், சோதனையில் கேட்டால் காட்டலாம்.

கொண்டு போகக் கூடாதவை சில. கறிவேப்பிலை கட்டாயம் வேண்டாம். எலுமிச்சை, ஆரஞ்சு மரங்களை அழிக்கும் ஒரு நோயைப் பரப்பும் பூச்சி கறிவேப்பிலையிலும் குடியிருக்கும். அதனால் காய்ந்ததோ பச்சையோ, எடுத்துப்போனால் பறிமுதல்தான். மகள் வீட்டுத் தொட்டியில் வளரும் கறிவேப்பிலைக் கன்றை ஆசையாக மகனுக்கு எடுத்துப்போவதும் கூடாது. கலிபோர்னியா அந்த விஷயத்தில் மிகவும் கண்டிப்பு. அரிசியும் கொண்டைக்கடலையும் இந்தியாவிலிருந்து பயணிகள் கொண்டுவர 2021 முதல் தடை. தானியங்களை அரிக்கும் கப்ரா வண்டு உள்ளே போய்விடும் என்பதுதான் காரணம். இறைச்சி சேர்ந்த எதுவும் கூடாது. கசகசாவைத் துபாய், அபுதாபி வழி கொண்டு போகவே கூடாது, அங்கே அது போதைப்பொருள் சட்டத்துக்குள் வருகிறது. கொப்பரைத் தேங்காய் எண்ணெய்ச்சத்து மிகுந்தது, எளிதில் தீப்பிடிக்கும். இந்திய விமான நிலையத்திலேயே எடுத்துவிடுவார்கள். மற்ற உணவுப்பொருள் எதுவானாலும் ‘உணவு இருக்கிறது’ என்று சொல்லிவிட வேண்டும். சொல்லிவிட்டால் கூடாததை எடுத்துக்கொண்டு அனுப்பிவிடுவார்கள், சொல்லாமல் பிடிபட்டால்தான் அபராதம். பொடி வகைகளைக் கைப்பையில் வைக்காமல் பெட்டியில் போடுங்கள். அமெரிக்கா போகும் விமானங்களில் 350 மில்லி அளவுக்கு மேற்பட்ட பொடிக்குத் தனிச் சோதனை உண்டு.

நடு விமான நாளுக்கு வருவோம். நெவார்க்கில் ஏறினால் சான்பிரான்சிஸ்கோவில் இறங்கும் நேரடி விமானம் மட்டும்தான். டென்வரிலோ சிகாகோவிலோ மாறும் விமானம் ஐம்பது டாலர் குறைவு என்றாலும் வேண்டாம். ஒரு தாமதத்தில் தொடர் விமானம் போய்விட்டால், மொழி பழகாத ஊரில் ராத்திரி தங்க இடம் தேடுவது யார்? காலையில் முதல் விமானத்தைப் பிடியுங்கள். நியூஜெர்சியில் கோடை மாலைகளில் இடி மழை வந்து விமானங்கள் மணிக்கணக்கில் நிற்பது வழக்கம். வார நாளில் போனால் மகன் அலுவலகத்திலிருந்து ஓடிவர வேண்டியிருக்கும். சனிக்கிழமை காலை பொருத்தம்.

சக்கர நாற்காலியை டிக்கெட் எடுக்கும்போதே கேட்க வேண்டும், கடைசியாக 48 மணி நேரம் முன்பாவது. அதற்குக் கட்டணம் இல்லை. மூன்று வகை உண்டு. படியேற முடியும், நீண்ட தூரம் நடக்க முடியாது என்பவருக்கு ஒன்று. படியும் ஏற முடியாதவருக்கு ஒன்று. இருக்கை வரை தூக்கிச்செல்ல வேண்டியவருக்கு ஒன்று. நம் பெற்றோர் பெரும்பாலும் முதல் வகை. இருவரும் சேர்ந்து போகிறார்கள் என்றால் இருவருக்கும் கேளுங்கள். அம்மாவுக்கு மட்டும் கேட்டால் அவரைத் தள்ளிக்கொண்டு போகும் வேகத்துக்கு அப்பா பின்னால் ஓட வேண்டியிருக்கும். தள்ளிவருபவருக்கு ஐந்து பத்து டாலர் கொடுப்பது அங்கே வழக்கம், சில்லறை நோட்டு கையில் இருக்கட்டும்.

பலருக்குத் தெரியாத ஒன்று: வயதான பயணியை ஏற்றிவிட, அல்லது இறக்கிக் கூட்டிப்போக, விமான நிறுவனத்தின் கவுன்டரில் கேட்டால் ஒருவருக்கு ‘கேட் பாஸ்’ தருவார்கள். ஓட்டுநர் உரிமம் போல ஓர் அரசு அடையாள அட்டை வேண்டும். மகள் அதை வாங்கி விமான வாசல் வரை கூடவே போகலாம், மறுமுனையில் மகன் விமான வாசலிலேயே நின்று வரவேற்கலாம். தருவதும் மறுப்பதும் கவுன்டர் ஊழியர் முடிவு, ஆகவே அரை மணி நேரம் முன்னதாகப் போங்கள். முதல்முறை வருபவர்கள், காது கேட்பதில் சிரமம் உள்ளவர்கள், அண்மையில் துணையை இழந்து தனியாக வருபவர்கள் என்றால் கேட் பாஸோடு நிறுத்தாமல் பிள்ளைகளில் ஒருவர் கூடவே பறப்பதுதான் முறை. அந்தச் செலவை அண்ணன் தங்கை இருவரும் பாதிப் பாதி போட்டுக்கொள்ளலாம்.

அந்த விமானத்தில் சாப்பாடு தர மாட்டார்கள். விற்பதை வாங்கவும் பெரும்பாலும் அட்டைதான் செல்லும், ரொக்கம் வாங்குவதில்லை. மிளகாய்ப்பொடியை நல்லெண்ணெயில் குழைத்துத் தடவிய இட்லி, சப்பாத்தி, எலுமிச்சை சாதம் எடுத்துப்போகலாம். தயிரும் சட்னியும் ஊறுகாயும் திரவக் கணக்கில் வரும், 100 மில்லிக்கு மேல் அனுமதி இல்லை. தயிர் சாதம் தளர்வாக இருந்தால் சோதனையில் தடுக்கக்கூடும். காலித் தண்ணீர் பாட்டிலை எடுத்துப்போய் உள்ளே நிரப்பிக்கொள்ளலாம். ஆறு மணி நேரப் பயணத்தில் சர்க்கரை நோயாளிக்கு உணவு தள்ளிப்போகக் கூடாது. உள்ளூர் நேரம் மாறுவதால் மாத்திரை நேரத்தையும் முன்கூட்டியே பேசிவையுங்கள். நியூஜெர்சியில் இரவு எட்டுக்குப் போட்ட மாத்திரையைக் கலிபோர்னியா எட்டுக்குப் போட்டால் மூன்று மணி நேரம் தாமதம். சாதாரண ரத்த அழுத்த மாத்திரைக்கு அது பெரிதில்லை, இன்சுலினுக்கு மருத்துவரைக் கேட்டுவிட்டுத்தான் மாற்ற வேண்டும். இன்சுலின் கைப்பையில்தான் இருக்க வேண்டும், அடியில் ஏற்றும் பெட்டியில் உறைந்துபோகலாம். பவர் பேங்கும் கைப்பையில்தான்.

மருந்தைப் பற்றி விரிவாகவே சொல்ல வேண்டும், ஏனென்றால் இரண்டாவது வீட்டில்தான் மருந்து தீரும். நம் ஊரில் சர்க்கரைக்கு எழுதித்தரும் வில்டாக்ளிப்டின், டெனிலிக்ளிப்டின், கிளிக்லசைடு, வோக்லிபோஸ் ஆகிய நான்குமே அமெரிக்காவில் விற்பனையில் இல்லை. ரத்த அழுத்தத்துக்குத் தரும் சில்னிடிபைனும் இல்லை. இவை தீர்ந்துபோனால் அங்குள்ள மருத்துவர் வேறு மருந்துக்கு மாற்றுவார், புது மருந்து உடம்புக்கு ஒத்துவருகிறதா என்று மறுபடி சோதனை. வேறு சில வேறு பெயரில் கிடைக்கும். பாராசிட்டமால் அங்கே அசிட்டமினோஃபென், சால்பியூட்டமால் அங்கே அல்பியூட்டரால். இங்கே 75 மில்லிகிராம் ஆஸ்பிரின், அங்கே 81. மருந்துச்சீட்டில் கம்பெனிப் பெயருக்குப் பக்கத்தில் மருந்தின் மூலப் பெயரையும் அளவையும் ஆங்கிலத்தில் எழுதி வாங்குங்கள். சொந்தப் பயன்பாட்டுக்கு 90 நாள் அளவு என்பது அங்குள்ள பொதுவான கணக்கு. அதற்கு மேல் தங்குபவர்கள் மருத்துவரின் கடிதத்தோடும் மூலச் சீட்டோடும், அட்டை பிரிக்காமல், கடை பில்லோடு எடுத்துப்போக வேண்டும். மொத்தத்தையும் ஒரே பெட்டியில் போடாமல், நடு விமானத்துக்குப் பிறகான பங்கைத் தனிப்பையில் கட்டி, அன்று கைப்பையில் வையுங்கள். முதல் வீட்டுக் குளியலறை அலமாரியில் மறந்துவிட்டு வருவது மாத்திரையும் கண்ணாடியும் பல்செட்டும்தான். கிளம்பும் முந்தைய இரவு அந்த அலமாரியை மகளே ஒருமுறை திறந்து பார்க்கட்டும்.

காப்பீட்டில் ஒரு பொறி இருக்கிறது. மகள் தன் மூன்று மாதத்துக்கு ஒரு பாலிசி, மகன் தன் மூன்று மாதத்துக்கு வேறொன்று என்று வாங்குவார்கள். முதல் வீட்டில் நெஞ்சு வலி என்று போய், இதயத்தில் ஏதோ இருப்பதாகத் தெரிந்தது என்று வையுங்கள். மகன் வாங்கும் புதுப் பாலிசிக்கு அது ‘முன்பே இருந்த நோய்’. அதற்கான சிகிச்சையை அது ஏற்காது. சென்னையில் கிளம்பும் நாளிலிருந்து திரும்பி இறங்கும் நாள் வரை இடைவெளி விடாமல் ஒரே பாலிசியாக எடுத்துவிட்டால் இந்தச் சிக்கல் எழாது. ‘ஃபிக்ஸட் பெனிஃபிட்’ வகை மலிவு, ஆனால் ஒவ்வொரு சிகிச்சைக்கும் இவ்வளவுதான் என்று தொகையைக் குறித்துவைத்திருக்கும். அமெரிக்க மருத்துவமனை பில்லுக்கு அது எட்டாது. உண்மையான பில்லைப் பாலிசி வரம்பு வரை ஏற்கும் ‘காம்ப்ரிஹென்சிவ்’ வகையைப் பாருங்கள். ஏற்கெனவே உள்ள நோய் திடீரென்று முற்றினால் எவ்வளவு தருவார்கள், எந்த வயதோடு அந்தச் சலுகை நிற்கிறது என்ற இரண்டு வரிகளைத் தேடிப் படியுங்கள். பல பாலிசிகளில் 70 வயதில் தொகை குறையும் அல்லது நின்றுவிடும். மாதாந்திர சர்க்கரைப் பரிசோதனை, பல், கண்ணாடி எதுவும் இதில் வராது, அவற்றை ஊரிலேயே முடித்துவிட்டுக் கிளம்ப வேண்டும். காய்ச்சல், சிறு காயம் என்றால் ‘அர்ஜென்ட் கேர்’ எனும் சிறு சிகிச்சை மையம் போதும். எமர்ஜென்சிக்கு ஓடினால் பில் பல மடங்கு. நெஞ்சு வலி, பேச்சுக் குழறல், மூச்சுத் திணறலுக்கு மட்டும் யோசிக்காமல் 911 என்ற அவசர எண்ணை அழையுங்கள். முதல் ஊரில் எடுத்த ஈசிஜி, ரத்தப் பரிசோதனை அறிக்கைகளைப் பிடிஎஃப்பாக வாங்கி மகனுக்கு அன்றே அனுப்பிவிடுங்கள். ஒரு மருத்துவமனையின் பதிவு இன்னொரு மாநிலத்து மருத்துவர் கைக்குத் தானாகப் போய்ச் சேராது.

இரண்டு வீடுகளும் ஒரே மாதிரி இருப்பதில்லை. மூன்று மாதத்தில் ஒரு வீட்டின் அடுப்பும் குழாயும் பழகிய கையோடு இன்னொரு வீட்டுக்குப் போகிறார்கள். விழுவது பெரும்பாலும் புது வீட்டின் முதல் வாரத்தில், அதுவும் குளியலறையில். குளியல் தொட்டியின் விளிம்பைத் தாண்ட முழங்காலுக்கு மேல் கால் தூக்க வேண்டும். தொட்டிக்குள் ரப்பர் விரிப்பு, சுவரில் திருகிப் பொருத்திய கைப்பிடி, ஒரு பிளாஸ்டிக் முக்காலி, வாளி, குவளை இவ்வளவும் இரண்டு வீட்டிலும் பெற்றோர் வருவதற்கு முன்பே இருக்க வேண்டும். காற்றை உறிஞ்சி ஒட்டிக்கொள்ளும் கைப்பிடி வேண்டாம், உடம்புப் பாரத்தில் கழன்றுவிடும். படுக்கையறை தரைத்தளத்தில் இருந்தால் நல்லது. மாடியில் என்றால் படியிலும் நடையிலும் இரவு விளக்கு. குளிர்கால உடையும் செருப்பும் சுமந்து திரிய வேண்டாம், இரண்டு வீட்டிலும் ஒவ்வொரு ஜோடி வாங்கிவைக்கலாம். அதற்கு ஆகும் செலவு பெட்டிக் கட்டணத்தைவிடப் பெரிதாக இருக்காது.

சமையலறையில் மகள் வீட்டில் காஸ் அடுப்பு, மகன் வீட்டில் இன்டக்‌ஷன் என்று இருக்கும். ஊரிலிருந்து கொண்டு போன அலுமினிய குக்கர் இன்டக்‌ஷனில் சூடாகாது. ஊர் மிக்ஸியும் அங்கே ஓடாது. நம்முடையது 230 வோல்ட், அவர்களுடையது 120. தாளிப்பில் புகை எழுந்தால் கூரையில் உள்ள கருவி அலறும். வெளியேற்றும் விசிறியைத் தாளிப்பதற்கு முன்பே போட்டுவிட வேண்டும். அலறினால் எதைச் செய்ய வேண்டும் என்று பெற்றோருக்கு ஒருமுறை செய்தே காட்டிவிடுங்கள், பகலில் வீட்டில் அவர்கள்தான் தனியாக இருப்பார்கள். வீட்டுத் தொலைபேசியிலிருந்து ஊருக்கு அழைக்க 011, 91 என்று போடுவதில் கை தடுமாறி 911 போய்விடுவதுண்டு. வைத்துவிடக் கூடாது. வைத்தால் போலீஸ் வீட்டுக்கே வரக்கூடும். ‘தவறுதலாக அழைத்துவிட்டோம்’ என்று இருந்து சொல்ல வேண்டும். அந்த ஒரு வாக்கியத்தை ஆங்கிலத்தில் அம்மாவுக்குப் பழக்கிவையுங்கள்.

ஊர் சிம் உயிரோடு இருக்கட்டும், வங்கியின் ஓடிபி அதற்குத்தான் வரும். கிளம்பும் முன்பே வெளிநாட்டு ரோமிங்கை இயக்கிவிட வேண்டும், அங்கே போனபிறகு இயக்குவது பெரும்பாடு. மத்திய அரசு ஓய்வூதியர் என்றால் நவம்பரில் வாழ்நாள் சான்று தர வேண்டும், எண்பது வயதைத் தாண்டியவர்கள் அக்டோபரிலேயே தரலாம். முகத்தைக் காட்டி போனிலேயே தரும் வசதி இருக்கிறது. அதற்கான செயலிகளை ஊரிலேயே நிறுவி, ஆதாரோடு ஒருமுறை ஓட்டிப் பார்த்துவிட்டு வருவது நல்லது.

ஊர் திரும்பும்போது நாலு பெட்டியும் மறுபடி வெளியே வரும். கலிபோர்னியாவில் கட்டும்போது மகள் வீட்டிலிருந்து வந்த சாமானும் மகன் வாங்கித்தந்ததும் சேர்ந்து எடை கூடிவிடும். பத்து டாலர் தராசு ஒன்று இருந்தால் விமான நிலையத் தரையில் பெட்டியைப் பிரித்துப் போட்டு உட்கார வேண்டாம். இந்தப் பயணத்துக்குப் பிறகு தூக்கம் ஒழுங்குக்கு வர ஒரு வாரம், பத்து நாள் ஆகும். நள்ளிரவில் விழித்துக்கொண்டு பகலில் தூங்குவார்கள். அந்த நாட்களில் வண்டி ஓட்டக் கூடாது, வங்கி வேலை எதுவும் வைத்துக்கொள்ளக் கூடாது. சர்க்கரையும் ரத்த அழுத்தமும் உணவு நேரம் மாறியதில் ஏறி இறங்கியிருக்கும், பத்து நாள் கழித்துப் பரிசோதித்து வழக்கமான மருத்துவரைப் பார்த்துவிடுங்கள். அமெரிக்காவில் எடுத்த அறிக்கைகளையும் அவரிடம் காட்டி, அங்கே மாற்றிக்கொடுத்த மருந்து இருந்தால் தொடர்வதா, பழையதற்கே திரும்புவதா என்று கேட்டு எழுதி வாங்கிக்கொள்ள வேண்டும். இரண்டு பட்டியலையும் சேர்த்து விழுங்குபவர்கள் உண்டு.